பஞ்சாயத்துச் சோறு

இண்டூர் அரசுப் பள்ளியின் சத்துணவுக் கூடத்தில் சமையல் உதவியாளராக இருக்கும் சுகுணா, தனக்கு எப்போதோ விவாகரத்து ஆகிவிட்டது என்றுதான் நம்பிக்கொண்டிருந்தாள். நம்பாமல் இருக்கக் காரணமும் இல்லை. ஊரே கூடி நின்றுதான் தீர்த்து வைத்தது. கோயில் மண்டபத்து வாசலில் நின்றபடி அவள் தாலியைக் கழற்றித் தட்டில் வைத்தாள். மாமனார் மாதையன் ஒரு கேழ்வரகு வைக்கோல் தாளை எடுத்து எல்லோரும் பார்க்க இரண்டாகக் கிள்ளி, ஒரு துண்டை மகன் சந்திரமோகன் பக்கமும் இன்னொன்றை அவள் பக்கமும் போட்டார்.

"தீந்துபோச்சு. இனிமேட்டு அவனுக்கு அவ இல்ல, அவளுக்கு அவன் இல்ல."

மாரண்டஹள்ளிக்குப் பக்கத்திலிருந்த அந்த ஊரில் பெரியதனம் அவருக்குத்தான். சொந்த மகன் விவகாரம் என்பதால் வெளியூர்ப் பெரியவர்கள் சிலரையும் கூட உட்கார வைத்திருந்தார். அவர்களும் தலையாட்டினார்கள். ஒரு முத்திரைத்தாளில் எழுதி, இரண்டு பக்கமும் கையெழுத்துப் போட்டாயிற்று.

அங்கே ஒரு வழக்கம் உண்டு. பஞ்சாயத்து என்று கூடினால் குத்தம் யார் மேல் என்று சொல்லாமல் எழுந்திருக்க மாட்டார்கள். குத்தம் விழுந்த வீட்டார் அன்றைக்கு வந்த அத்தனை பேருக்கும் சோறு போட வேண்டும். போடுகிறவர் பந்தியில் உட்காரக் கூடாது. எதிர்ப் பக்கத்தார் சாப்பிட்டு எழுந்திருக்கும் வரை நின்றுகொண்டே இருக்க வேண்டும். அவர்கள் எழுந்துவிட்டால் பகை போயிற்று.

அன்றைக்குக் குத்தம் சுகுணாவின் மேல் விழுந்தது. 'சொல்லாமல் கொள்ளாமல் வீட்டை விட்டுப் போனவள்' என்றார்கள். சுகுணாவுக்கு அம்மா இல்லை. அவளுடைய அப்பா கருப்பண்ணன் வளர்த்த ஆடுகளை விற்று அரிசியும் பருப்பும் வாங்கினார். அதை ஆக்கிப் போட்டது சுகுணாதான். தன்னைக் குத்தவாளி என்று சொன்னவர்களுக்குத் தானே உலை வைத்தாள். கோயில் மண்டபத்தில் இலை போட்டார்கள். அப்பா துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓரமாக நின்றார். மாதையன் நிதானமாகச் சாப்பிட்டார். இரண்டாம் முறை ரசம் கேட்டார். அப்பா நின்றுகொண்டே இருந்தார்.

அதற்குப் பிறகு பத்து வருஷம் ஓடிவிட்டது. அப்பாவும் போய்விட்டார். 'வூட்ட விட்டு ஓடி வந்தவ' என்ற பேச்சு மட்டும் இண்டூர் வரைக்கும் வந்து தங்கிக்கொண்டது. குழாயடியில் யாராவது சொல்வார்கள். சுகுணா குடத்தை எடுத்துக்கொண்டு வந்துவிடுவாள். பதில் பேசிப் பழக்கமில்லை அவளுக்கு.

இன்னாசி வந்த பிறகுதான் அவளுக்குக் கொஞ்சம் பேச்சு வந்தது. இண்டூர்க் கடைத்தெருவில் மோட்டாருக்குச் செம்புக்கம்பிக் காயில் கட்டும் கடை வைத்திருக்கிறவர். மனைவி காய்ச்சலில் போய்ச் சில வருஷம் ஆகியிருந்தது. பள்ளிக்கூடத்துத் தண்ணீர் மோட்டாரைப் பழுது பார்க்க வந்து, அவள் வைத்த சாம்பாரைக் குடித்துப் பார்த்து, "இது புள்ளைங்களுக்கு மட்டுந்தானா, எங்களுக்கெல்லாம் கெடையாதா?" என்று கேட்டார். ஒரு வருஷம் இப்படிக் கேட்டுக்கொண்டே இருந்தவர், ஒருநாள் கேலி இல்லாமல் வேறொன்றைக் கேட்டார். சுகுணா இரண்டு நாள் யோசித்துவிட்டுச் சரி என்றாள்.

அவர் சர்ச்சுக்குப் போகிறவர், அவள் கோயிலுக்குப் போகிறவள். அதனால் கல்யாணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில்தான் பதிய வேண்டும் என்றார்கள். போனார்கள். முதல் கல்யாணம் என்ன ஆயிற்று என்று அங்கே கேட்டபோது, சுகுணா பிளாஸ்டிக் உறையில் பத்திரமாக வைத்திருந்த அந்த முத்திரைத்தாளை எடுத்து நீட்டினாள்.

அந்த அலுவலர் படித்துப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார்.

"இது செல்லாதும்மா. கோர்ட்டு தீர்ப்பு வேணும். சட்டப்படி நீங்க இன்னும் அவரு சம்சாரந்தான்."

வெளியே வந்து புளியமரத்தடியில் நின்றார்கள். சுகுணா முத்திரைத்தாளை மறுபடி உறைக்குள் போட்டாள். "அப்ப இந்தப் பத்து வருஷமும் நான் அந்தாளு பொண்டாட்டியாவா இருந்தேன்?" என்றாள்.

இன்னாசி தலையைச் சொறிந்தார். "அதை வுடு. இத்தனை நாளா நான் அடுத்தவன் பொண்டாட்டிக்கு டீ வாங்கிக் குடுத்திருக்கேன். எனக்குல்ல பயமா இருக்குது."

அவளுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்து முடிக்கும்போது கண்ணில் தண்ணீர் நின்றது.

தருமபுரியில் ராஜப்பன் என்ற வக்கீல் மனுப் போட்டுக் கொடுத்தார். நோட்டீஸ் கையில் கிடைத்ததும் சந்திரமோகன் கோர்ட்டுக்கு வந்து, 'எங்களுக்கு ஊர்லயே எப்பவோ தீந்துபோச்சு. இப்ப எதுக்குக் கேஸ்?' என்று எதிர்மனு போட்டான். அவன் ஓசூரில் ஒரு கம்பெனியில் வேலை பார்த்துக்கொண்டிருந்தான். மறு கல்யாணம் செய்துகொள்ளவில்லை. இருவருக்கும் வேண்டியது ஒன்றாகவே இருக்க, வழக்கு மட்டும் எதிரும் புதிருமாக நிற்பதைப் பார்த்த நீதிபதி, "பேசிப் பாருங்க" என்று இருவரையும் அதே வளாகத்திலிருந்த சமரச மையத்துக்கு அனுப்பினார்.

சுகுணா சிவப்புக் கரை போட்ட கதர்ப் புடவை கட்டிக்கொண்டு போனாள். சமரச மையம் என்பது ஒரு சின்ன அறை. வட்ட மேசை, சுற்றிலும் நாற்காலிகள். கூண்டும் இல்லை, உயரமான ஆசனமும் இல்லை. சமரசம் பேசுகிறவர் நிர்மலா என்ற வக்கீலம்மா; நரைத்த தலையை இறுக்கக் கொண்டை போட்டிருந்தார். சந்திரமோகன் முன்னந்தலை வழுக்கையோடு, யாரோ ஒருவரைப் போல உட்கார்ந்திருந்தான். அவன் பக்கத்தில் கைத்தடியோடு மாதையன்.

"வாங்க மாமா" என்று சுகுணாவின் வாய் தானாகச் சொல்லிவிட்டது. சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டாள். அவர் தலையை மட்டும் அசைத்தார்.

நிர்மலா விஷயத்தைச் சுருக்கமாகச் சொன்னார். இந்த அறையில் பேசுவது எதுவும் நீதிபதி காதுக்குப் போகாது. இருவரும் ஒப்புக்கொண்டால் அதை ஒப்பந்தமாக எழுதி, பரஸ்பர சம்மதத்தோடு பிரிவதாகச் சேர்ந்து மனுக் கொடுக்கலாம். கோர்ட்டு அதை விசாரித்து ஏற்றுக்கொண்டால் தீர்ப்பாகிவிடும். ஆறு மாசம் காத்திருக்கச் சொல்வது வழக்கம். இத்தனை வருஷம் பிரிந்திருந்ததால் அதைத் தள்ளுபடி செய்யக் கேட்கலாம்.

மாதையன் கைத்தடியை மேசை மேல் வைத்தார். "எல்லாஞ் சரிங்கம்மா. நான் ஒன்னு கேக்கறன். நான் கிள்ளிப் போட்டது செல்லாதுன்னு சொல்றீங்களா?"

"அப்படிச் சொல்லலைங்கய்யா."

"பின்ன? எம்பையன் இங்க கையெழுத்துப் போட்டா, அன்னைக்கு நான் தீத்து வெச்சது பொய்யின்னுதான ஆவுது? எத்தினி குடும்பத்த அப்பிடித் தீத்து வுட்டிருக்கறன் தெரியுங்களா? நாளைக்கி ஒவ்வொருத்தனா வந்து எங்கிட்ட கேப்பான்."

சந்திரமோகன் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தான். அந்த வழக்கு ஏன் வளர்ந்தது என்பது சுகுணாவுக்கு அப்போதுதான் விளங்கியது. மகன் பெயரில் மனு, பேசியதெல்லாம் அப்பா.

நிர்மலா கோபப்படவில்லை. "ஒப்பந்தத்துல மொதல் வரியே உங்களோடதா இருக்கட்டும். 'இன்ன தேதியில் ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் இருவரும் பிரிந்தார்கள், அன்று முதல் சேர்ந்து வாழவில்லை'ன்னு எழுதிக்கலாம். நீங்க தீர்த்து வெச்சதுக்கு மேலதான் கோர்ட்டு முத்திரை வைக்கப் போகுது. போதுங்களா?"

கிழவர் அதை வாய்க்குள் திருப்பித் திருப்பிச் சொல்லிப் பார்த்தார். முகம் இளகியது. அறையில் எல்லோரும் மூச்சு விட்டார்கள்.

"அப்ப மீதியும் எழுதிருங்க" என்றார். "பொண்ணு தானா வூட்ட வுட்டுப் போனதுனால பிரிஞ்சாங்கன்னு. அன்னைக்குச் சொன்னது அதான். பாதி எழுதிப் பாதி வுட்டா நல்லா இருக்காது."

"ஐயா, இங்க குத்தம் யார் மேலன்னு நாங்க கேக்கறதே இல்லைங்க. ரெண்டு பேருக்கும் ஒத்துப்போகலைன்னாப் போதும்."

"குத்தம் இல்லாம எப்பிடிங்கம்மா தீரும்? ஒருத்தர் மேல போட்டாத்தான் தீரும். அந்த வரி இருந்தா கையெழுத்து. இல்லீன்னா நாங்க வண்டியேறறோம்."

ராஜப்பன் வக்கீல் சுகுணாவின் பக்கம் குனிந்தார். "போட்டுட்டுப் போவட்டும்மா. ஒரு வரி. ஃபைலுக்குள்ள கெடக்கும். யாரு எடுத்துப் படிக்கப் போறாங்க?"

சுகுணா மேசையைப் பார்த்தாள். சரி என்று சொன்னால் சாயங்காலமே காரியம் முடிந்துவிடும். வெளியே டீக்கடையில் இன்னாசி காத்திருக்கிறார். கடையைப் பூட்டிவிட்டு வந்திருக்கிறார். மாட்டேன் என்றால் வழக்கு எத்தனை வருஷம் இழுக்குமோ. அவளுக்கு முப்பத்தாறு வயது முடிந்துவிட்டது.

"நான் படிப்பேனுங்க" என்றாள்.

"என்னம்மா?"

"அந்த வரிய நான் படிப்பேன். எனக்கு வேண்டாங்க."

அவள் அதை மாற்றிச் சொல்லவில்லை. நிர்மலா ஒவ்வொருவரிடமும் தனியாகப் பேச வேண்டும் என்று சொல்லி, முதலில் சந்திரமோகனை மட்டும் உள்ளே இருக்கச் சொன்னார்.

வராந்தாவில் ஒரே ஒரு பெஞ்சுதான் இருந்தது. வக்கீல் போன் பேசப் போய்விட்டார். மாதையன் ஒரு முனையில் உட்கார்ந்தார், சுகுணா மறு முனையில். அவர் வலது முழங்காலைப் பிடித்து அமுக்கிக்கொண்டே இருந்தார்.

"முட்டி வலிங்களா மாமா?"

"ரெண்டு வருஷமா. நின்னா அஞ்சு நிமிசம் தாங்காது."

அவர் தண்ணீர் பாட்டிலின் மூடியைத் திருகத் திணறுவதைப் பார்த்துவிட்டு அவள் வாங்கித் திறந்து கொடுத்தாள். அவர் அண்ணாந்து குடித்தார்.

"இன்னும் இஸ்கோல்லதான் சோறாக்கறயா?"

"ஆமாங்க."

"அன்னைக்கும் நீதான ஆக்குன?"

"நாந்தான்."

"ரசம் நல்லா இருந்துச்சு" என்றார் அவர்.

அவளுக்குள் பத்து வருஷமாகச் சொல்லாத ஒன்று மெதுவாக மேலே வந்தது. கோபமாக வரவில்லை. பருப்பில் கல் இருக்கிறது என்று சொல்வதைப் போல வந்தது.

"எங்கப்பா நின்னுக்கிட்டே இருந்தாருங்க மாமா. நீங்க ரெண்டாம் வாட்டி ரசம் கேட்டீங்க. வூட்டுக்கு வந்ததும் அன்னைக்கி ராத்திரி அவருக்கும் காலு வீங்கிருச்சு."

வேப்பமரத்தடியில் ஒரு பெண் குழந்தைக்கு இட்லி ஊட்டிக்கொண்டிருந்தாள். மாதையன் அதைப் பார்த்தார்.

"வழக்கம்மா அது. நான் புதுசா எதையும் பண்ணல."

"வழக்கத்தச் சொல்லலைங்க. நான் தானாப் போனனான்னு ஒருத்தரும் எங்கிட்ட கேக்கலைங்க. அதத்தான் சொல்றன்."

"எங்கிட்ட வந்து சொல்லியிருக்கலாமில்ல?"

"பொம்பளைங்கள மண்டபத்துக்கு வெளிய நிக்க வெச்சிருந்தீங்களே, மாமா."

அப்போது கதவு திறந்தது. சந்திரமோகன் வந்து நின்றான். முகம் கழுவியவன் போல இருந்தான். உள்ளே என்ன பேசினான் என்பது சுகுணாவுக்குத் தெரியாது. பின்னாலும் அவள் கேட்டுக்கொள்ளவில்லை. அவன் அப்பாவைப் பார்த்துச் சொன்னது மட்டும் அவள் காதிலும் விழுந்தது.

"அந்த வரி வேண்டாம்பா."

"என்னடா?"

"அவளாப் போகல. நாந்தான் போகச் சொன்னேன்."

அவன் போகச் சொன்னது, தக்காளித் தோட்டத்தில் கூடைகளை அடுக்கிக்கொண்டிருந்த ஒரு மாலை நேரத்தில். அவன் அடித்ததில்லை, திட்டியதில்லை. அப்பா பார்த்துக் கட்டிவைத்த கல்யாணத்தில் அவன் மனசு வந்து உட்காரவே இல்லை, அவ்வளவுதான். 'உங்கப்பா வூட்டுக்குப் போயிரு சுகுணா. என்னால ஆவல' என்று கும்பிடுவதைப் போலச் சொன்னான். அவள் மறுநாள் காலை பஸ் ஏறினாள். இதைத்தான் அவனும் அவளும் மட்டும் தங்களுக்குள் வைத்துக்கொண்டிருந்தார்கள்.

மாதையன் மகனையே பார்த்தார். "பத்து வருஷம் கழிச்சி கோர்ட்டு வாசல்ல வந்து சொல்றயா? அன்னைக்கி வாயில என்னத்தடா வெச்சிருந்த?"

"நீங்க தாள எடுத்துட்டீங்க. நடுவால எப்பிடிச் சொல்றது?"

"நல்ல புள்ளைய பெத்தன் போ" என்று அவர் கைத்தடியால் தரையைத் தட்டினார். தட்டிய சத்தத்தில் குழந்தை திரும்பிப் பார்த்தது. சுகுணாவின் பக்கம் அவர் திரும்பவில்லை. எல்லோரும் உள்ளே போனார்கள். ஒப்பந்தத்தில் ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் பிரிந்த தேதி இருந்தது. 'ஒத்து வாழ இயலவில்லை' என்பது இருந்தது. ஒருவரிடமிருந்து ஒருவருக்கு எந்தக் கோரிக்கையும் இல்லை என்பது இருந்தது. சுகுணா ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் படித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டாள்.

சேர்ந்து கொடுத்த மனு, தள்ளுபடி மனு எல்லாம் முடிந்து, மாம்பழ சீசன் தொடங்கிய ஒரு காலையில் நீதிபதி முன்னால் நின்றார்கள். மாதையனும் வந்திருந்தார். வரவேண்டிய அவசியம் அவருக்கு இல்லை.

"யாராச்சும் வற்புறுத்திச் சம்மதிச்சீங்களா?" என்று நீதிபதி கேட்டார்.

"இல்லீங்க."

"சேர்ந்து வாழறதுக்கு வாய்ப்பு ஏதும் இருக்கா?"

"இல்லீங்க" என்று சுகுணாவும் சந்திரமோகனும் ஒரே நேரத்தில் சொன்னார்கள். ஒன்றாகச் சேர்ந்து ஒரு வார்த்தை சொன்னது அவர்கள் வாழ்க்கையில் அதுதான் முதல் தடவையாக இருக்கும். நீதிபதி லேசாகச் சிரித்துவிட்டு எழுதத் தொடங்கினார்.

வெளியே இன்னாசி மரத்தடியில் நின்றிருந்தார். அவள் முகத்தைப் பார்த்ததும், "இப்பவாச்சும் நீ யாரு பொண்டாட்டியும் இல்லையே?" என்று கேட்டார்.

"இல்லீங்க."

"அப்பாடா. இனிமே தைரியமா டீ வாங்கித் தரலாம்."

சந்திரமோகன் தயங்கித் தயங்கி வந்து இன்னாசியிடம் கை நீட்டினான். இருவரும் மோட்டாரைப் பற்றியோ ஓசூர் பஸ்ஸைப் பற்றியோ ஏதோ பேசினார்கள். சுகுணா கிளம்பத் திரும்பியபோது மாதையன் கைத்தடியை ஊன்றிக்கொண்டு குறுக்கே வந்தார்.

"எல்லாரும் சாப்புட்டுத்தான் போவணும்" என்றார். "சோறு நான் போடறன்."

சந்திரமோகனும் சுகுணாவும் நிமிர்ந்து பார்த்தார்கள். அந்த வார்த்தைக்கு அவர்கள் ஊரில் என்ன பொருள் என்று இன்னாசிக்குத் தெரியாது.

"எதுக்குங்க பெரியவரே உங்களுக்குச் சிரமம்?" என்றார் அவர்.

"போடறன்னு சொல்றன் இல்ல."

பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் ஒரு சாப்பாட்டுக் கடை. இன்னும் கூட்டம் சேரவில்லை. சுகுணாவையும் இன்னாசியையும் ஒரு மேசையில் உட்கார வைத்தார். மகனைப் பார்த்து, "நீயும் நில்லுடா" என்றார். இலை போட்டார்கள். பரிமாறுகிற ஆள் அவர்களை ஏற இறங்கப் பார்த்தான்.

"உக்காருங்க தாத்தா. டேபிள் காலியாத்தான கெடக்குது."

"நீ சோத்தக் கொண்டா."

"நீங்க சாப்புடலையா?"

"அவங்க எந்திரிச்சதும்."

கிழவர் இரண்டு கையாலும் கைத்தடியைப் பிடித்துக்கொண்டு மேசை ஓரமாக நின்றார். பின்னால் சந்திரமோகன் கையைக் கட்டிக்கொண்டு நின்றான். சாம்பார் வந்தது, பொரியல் வந்தது. சுகுணா பிசைந்தாள். பக்கத்தில் அப்பா உட்கார்ந்து சாப்பிடுகிற மாதிரி ஒரு நினைப்பு வந்து, அவள் இலையை ஒரு விரல் அளவுக்கு அந்தப் பக்கம் தள்ளி வைத்துக்கொண்டாள்.

"ஏன் நிக்கறாங்க ரெண்டு பேரும்?" என்று இன்னாசி மெதுவாகக் கேட்டார்.

"பொறவு சொல்றன். சாப்புடுங்க."

"ரசம் போடச் சொல்லட்டுமாம்மா?" என்றார் மாதையன். அவர் வலது கால் ஆடத் தொடங்கியிருந்தது.

அவள் பார்த்தாள். ஆற அமரச் சாப்பிடலாம். இன்னொரு தடவை சோறு கேட்கலாம், மோர் வரும் வரை உட்கார்ந்திருக்கலாம். வழக்கப்படி அவர் நின்றுதான் ஆக வேண்டும்.

"ஊத்தச் சொல்லுங்க மாமா, கொஞ்சமா" என்றாள். ஊற்றியதை வேகவேகமாக அள்ளிச் சாப்பிட்டாள். பாதிப் பொரியலோடு இருந்த இன்னாசியின் முழங்கையை இடித்து, "சீக்கிரம்" என்றாள். அவர் ஒன்றும் புரியாமல் வாயில் அடைத்துக்கொண்டார்.

சுகுணா இலையைத் தன் பக்கமாக மடித்துவிட்டு எழுந்தாள். காலியான நாற்காலியை இழுத்து மாதையனுக்குப் பக்கத்தில் போட்டாள். அவர் அதைப் பிடித்து, மெல்ல உட்கார்ந்தார்.